கட்டுமரமும் படகுப் பந்தயமும்

கெடில ஆறு திருவதிகையைத் தொட்டுக்கொண்டு கிழக்கே ஓடிக் கடலூரில் கடலோடு கலக்கிறது. அந்தக் கழிமுகத்தை அடுத்த தேவனாம்பட்டினம் முதலாகத் தெற்கே பரங்கிப்பேட்டை வரையுள்ள குப்பங்களில் பல நூற்றாண்டுகளாக மீனவ மக்கள் கடலேறிய கலம் கட்டுமரம். நான்கைந்து மரத்துண்டுகளும் சிறிது கயிறும் ஒரு முக்கோணப் பாயுமே அதன் முழு உடைமை. உலகத்தின் மிக விரைவான பாய்மரப் பந்தயப் படகுகளுள் ஒருவகைக்கும் இன்று இதே பெயர்தான். கோடிக்கணக்கான டாலர் செலவில் கரியிழையாலும் கணிப்பொறிக் கணக்காலும் உருவாகும் அந்தப் படகை மேலைநாட்டார் 'கேட்டமரன்' என்று அழைக்கின்றனர். அது 'கட்டுமரம்' என்னும் தமிழ்ச் சொல்லின் திரிபு என்பதை ஆங்கில அகராதிகளே ஒப்புக்கொள்கின்றன.

பெயர் இங்கிருந்து போயிற்று. வேகம் அங்கே வளர்ந்தது. இந்த வேறுபாடு எவ்வாறு நேர்ந்தது? நம் கரையில் அறிவு குறைந்திருந்ததா? அல்லது அந்த அறிவுக்குக் கிடைக்க வேண்டிய வேறொன்று கிடைக்காமற் போனதா? விளையாட்டுக்கும் தொழில்நுட்ப வளர்ச்சிக்கும் உள்ள உறவை ஆராய விரும்புவோர்க்கு இதைவிட நெருக்கமான சான்று வேண்டியதில்லை.

சொல்லும் பொருளும்

முதலில் கலத்தைப் பார்ப்போம். எடை குறைந்த மரத்துண்டுகளைச் செதுக்கி, நடுமரம் சற்று நீண்டிருக்குமாறு வைத்து, முன்னும் பின்னும் குறுக்குக் கட்டைகளை இட்டுக் கயிற்றால் இறுகப் பிணைத்துவிட்டால் கட்டுமரம் ஆயிற்று. இதற்கு ஆணி இல்லை. பள்ளமான வயிறும் இல்லை. அலை மேலே ஏறிப் புரண்டாலும் தண்ணீர் இடுக்குகளின் வழியே வடிந்துவிடும். கவிழ்ந்தால் நிமிர்த்திக்கொள்ளலாம், மூழ்குவதென்பது இல்லை. மீன்பிடித்துக் கரை திரும்பியதும் கட்டுகளை அவிழ்த்து மரங்களைத் தனித்தனியே வெயிலில் உலர்த்துவார்கள். நீர் குடித்துக் கனத்த மரம் உலர்ந்தால்தான் மறுநாள் இலேசாக மிதக்கும்.

அரபு மொழியிலும் இதற்கு நேரான ஒரு சொல் உண்டு. 'ரமத்' என்பது அச்சொல், பன்மையில் 'அர்மாத்'. மரத்துண்டுகளை ஒன்றோடொன்று சேர்த்துக் கட்டிக் கடலில் ஏறிச் செல்லும் மிதவை என்றே அரபு அகராதிகள் அதற்குப் பொருள் கூறும். கடல்நீரில் ஒளுச் செய்யலாமா என்று நபி பெருமானார் (ஸல்) அவர்களிடம் சிலர் வினவிய ஹதீஸை நம் மதரஸாப் பிள்ளைகள் தூய்மைப் பாடத்தின் தொடக்கத்திலேயே ஓதுகின்றனர். அதன் அறிவிப்புகளுள் ஒன்றில், வினவியவர்கள் தாங்கள் 'அர்மாத்'களில் ஏறிக் கடலுக்குச் செல்வதாகக் கூறியதாக வருகிறது. குடிநீரைச் சிறிதளவே எடுத்துச் செல்ல இயலும் என்பது அவர்களுடைய இடர்ப்பாடு. இந்தச் சொல்லைப் பொருளுணர்ந்து படிக்கும் கடலூர்க் கரைப் பிள்ளைக்கு அந்தக் கேள்வி தன் பக்கத்துக் குப்பத்தின் கேள்வியாகவே தோன்றும். மரத்தைக் கட்டி மிதக்கும் கலை ஒரு நாட்டுக்கு மட்டும் உரியதன்று என்பதும் இதனால் விளங்கும்.

கரையின் நுட்பம்

சோழமண்டலக் கரையின் பெரும்பகுதியில் இயற்கைத் துறைமுகம் கிடையாது. கரையை நெருங்கும் அலைகள் ஒன்றன்பின் ஒன்றாக மடிந்து உடைகின்றன. ஐரோப்பியரின் பெருங்கப்பல்கள் தொலைவிலேயே நங்கூரம் பாய்ச்சி நின்றன. அவர்களுடைய ஆணியடித்த இறுகிய படகுகள் இந்த அலைகளில் அகப்பட்டால் பிளந்துபோயின. ஆகவே, கயிற்றால் பலகைகளைத் தைத்த மசூலாப் படகையும் கயிற்றால் பிணைத்த கட்டுமரத்தையுமே அவர்கள் நம்பவேண்டியதாயிற்று. இரண்டும் அலையின் அடிக்கு இசைந்து கொடுப்பவை. செயின்ட் ஜார்ஜ் கோட்டைக்கும் கப்பல்களுக்கும் இடையே கடிதங்களைக் கொண்டு சென்றவர்கள் கட்டுமரக்காரர்கள். ஓலையால் முடைந்த கூம்புத் தொப்பிக்குள் கடிதத்தை வைத்து, நனையாமல் சேர்ப்பித்துவிடுவார்களாம்.

1690-ஆம் ஆண்டில் ஆங்கிலேயக் கம்பெனியார் தேவனாம்பட்டினத்துக் கோட்டையை மராட்டியரிடமிருந்து விலைக்கு வாங்கினர். கோட்டையிலிருந்து பீரங்கி சுட்டால் குண்டு விழும் தொலைவு வரை நிலம் அவர்களுடையது என்பது ஒப்பந்தம். கடலூரை அடுத்த 'குண்டு உப்பலவாடி' என்னும் ஊர்ப்பெயரில் அந்தக் குண்டு இன்றும் இருக்கிறது. அதே 1690-இல் சென்னைக்கு வந்தவர் ஆங்கிலக் கடலோடி வில்லியம் டாம்பியர். 1697-இல் வெளிவந்த தம் பயண நூலில், சோழமண்டலக் கரையில் இம்மிதவைகளைக் 'கேட்டமரன்' என்று சொல்வதாக அவர் எழுதினார். ஆங்கிலம் படித்த உலகத்துக்கு அச்சொல் பரவ அந்நூல் பெரிதும் துணை செய்தது.

இக்கரையின் கடல்வாழ்வில் முஸ்லிம்களின் பங்கும் சிறிதன்று. மஹ்மூது பந்தர் என்று நம் முன்னோர் அழைத்த பரங்கிப்பேட்டையிலிருந்தும், கடலூரிலிருந்தும், நாகூரிலிருந்தும் மரக்காயர்களின் கப்பல்கள் அச்சேக்கும் கெடாவுக்கும் மலாக்காவுக்கும் துணி ஏற்றிச் சென்றன. பெருங்கப்பல் அவர்களுடையதாக இருந்தாலும், கரைக்கும் கப்பலுக்கும் இடைப்பட்ட அந்தக் கொடிய அலைவெளியைக் கடக்கக் கட்டுமரக்காரரின் துணை வேண்டியிருந்தது.

பெயர் மாறிய கதை

ஆங்கிலத்தில் நுழைந்த பின்னர் அச்சொல் பொருள் விரிந்தது. மரத்தைக் கட்டி மிதக்கவிட்ட எதையும் கேட்டமரன் என்றனர். 1804-இல் பிரான்சின் புலோன் துறைமுகத்தின்மீது ஆங்கிலேயர் மிதக்கவிட்ட வெடிமருந்துப் பெட்டிகளுக்குக்கூட இப்பெயரே வழங்கிற்று. அவற்றை அமைத்துக் கொடுத்தவர் பின்னாளில் நீராவிப் படகால் புகழ்பெற்ற இராபர்ட் புல்ட்டன்.

இங்கே ஓர் உண்மையைத் தெளிவுபடுத்துதல் கடமையாகும். இன்றைய பந்தயக் கேட்டமரன் என்பது, ஒடுங்கிய இரண்டு உடல்களை இடைவெளி விட்டு மேல்தளத்தால் இணைத்த இரட்டைப் படகு. நம் கட்டுமரம் மிதவை வகையைச் சேர்ந்தது. இரட்டைப் படகின் உண்மையான தாயகம் பசிபிக் பெருங்கடலின் தீவுகள். அங்குள்ள பாலினேசிய மக்கள் அத்தகைய கலங்களில் ஆயிரக்கணக்கான மைல்கள் சென்று குடியேறினர். ஆக, பெயர் நம்முடையது, வடிவம் அவர்களுடையது. நமக்கு உரியதை உரிமை கொண்டாடும்போது பிறர்க்கு உரியதை மறைப்பது நீதியாகாது.

ஐரோப்பாவில் இரட்டைப் படகை முயன்று பார்த்தவர்களுள் முதன்மையானவர் சர் வில்லியம் பெட்டி. 1662-இல் அயர்லாந்தின் டப்ளினில் அவர் அமைத்த இரட்டைப் படகும், அதனை அடுத்து வந்ததும் பிற படகுகளை முந்தின. பின்னர் அவர் கட்டிய பெரியதொரு கலம் புயலில் சிக்கி ஆட்களோடு அழிந்தது. நகைத்தவர்கள் வென்றார்கள்; முயற்சி ஏறத்தாழ இரண்டு நூற்றாண்டு உறங்கிற்று.

அதை எழுப்பியவர் அமெரிக்கப் படகுச் சிற்பி நதானியல் ஹெரஷாப். 1876-இல், அமெரிக்க விடுதலையின் நூற்றாண்டை ஒட்டி நியூயார்க்கில் நடந்த படகுப் பந்தயத்துக்கு 28 வயதான அவர் 'அமரிலிஸ்' என்னும் இரட்டைப் படகைக் கொண்டுவந்தார். அது அங்கிருந்த பெரும் படகுகளையெல்லாம் பின்னே விட்டுச் சென்றது. தோற்றவர்கள் கூடி எதிர்ப்புத் தெரிவித்தனர். அது படகே அன்று என்பதுபோல் வாதிட்டு, பரிசுக்கு உரியதாகாமல் விலக்கினர். அதன்பின் நெடுங்காலம் இரட்டைப் படகுகள் ஒழுங்கான பந்தயங்களில் இடம்பெறவில்லை. ஹெரஷாப் 1877-இல் தம் அமைப்புக்குக் காப்புரிமை பெற்றார். இரண்டு உடல்களும் தனித்தனியே அலைக்கு இசைந்து அசையுமாறு இணைப்பை நெகிழ்வாக அமைத்தது அதன் சிறப்பு. சோழமண்டலத்துக் கயிற்றுக் கட்டின் தத்துவமும் அதுவே அல்லவா! ஆயினும் பந்தயக் களம் மூடப்பட்டுவிட்டதால் அவர் ஒற்றை உடற் படகுகளுக்கே திரும்பினார். 1893 முதல் 1920 வரை அமெரிக்கக் கோப்பையைக் காத்த ஐந்து படகுகளும் அவர் வரைந்தவையே.

வேகத்தின் காரணம்

இரட்டைப் படகு ஏன் விரைகிறது? சாதாரணப் படகு நீரைத் தள்ளிக்கொண்டு செல்லும்போது முன்னே ஓர் அலையையும் பின்னே ஓர் அலையையும் எழுப்புகிறது. வேகம் கூடக்கூட அவ்விரண்டுக்கும் இடைப்பட்ட பள்ளத்தில் படகு தானே சிக்கிக்கொள்கிறது. அதைத் தாண்டி ஏறப் பெருமாற்றல் தேவை. உடல் கத்திபோல் ஒடுங்கியிருந்தால் எழும் அலை சிறிதாகும், தடையும் குறையும். ஆனால் ஒடுங்கிய படகு காற்றில் கவிழ்ந்துவிடும். அதைத் தடுக்கப் பழைய பந்தயப் படகுகள் அடியில் டன் கணக்கில் ஈயத்தைச் சுமந்தன. இரட்டைப் படகோ இரு கால்களையும் அகற்றி நிற்கும் மல்லனைப்போல அகலத்தாலேயே நிலைபெறுகிறது. ஈயச் சுமை இல்லை, எடை குறைவு, வேகம் மிகுதி. கனத்தைக் குறைத்துப் பரப்பினால் நிலைத்து நிற்கும் இந்த வகையில் நம் கட்டுமரமும் அதற்கு உறவுதான்.

பந்தயத்தின் நெறி

அமரிலிஸை விலக்கியது சரியா, தவறா? இக்கேள்வி விளையாட்டுக்கும் நுட்பத்துக்கும் உள்ள உறவின் நடுநரம்பைத் தொடுகிறது. இதற்கு விடைகாண மதீனாவின் வீதிக்குச் செல்வோம்.

நபி பெருமானார் (ஸல்) அவர்கள் குதிரைப் பந்தயம் நடத்திய செய்தியை இப்னு உமர் (ரலி) அவர்கள் அறிவிக்க, இமாம் புகாரி (ரஹ்) பதிவு செய்திருக்கிறார்கள். அந்நாளில் குதிரையைப் பந்தயத்துக்குப் பக்குவப்படுத்தும் முறைக்கு 'தள்மீர்' என்று பெயர். முதலில் நன்றாகத் தீனியிட்டுக் கொழுக்க வைப்பர். பின்னர்த் தீனியைக் குறைத்து, போர்வை போர்த்தி வியர்க்கச் செய்து, உடலை இறுக வைப்பர். அக்காலத்து உயர்ந்த நுட்பம் அது. அவ்வாறு பக்குவப்படுத்திய குதிரைகளுக்கு ஹஃப்யா என்னும் இடத்திலிருந்து தனிய்யத்துல் வதா வரை ஐந்து அல்லது ஆறு மைல் தொலைவு குறிக்கப்பட்டது. பக்குவப்படுத்தாத குதிரைகளுக்கோ தனிய்யத்துல் வதாவிலிருந்து பனூ ஸுரைக் பள்ளிவாசல் வரை ஒரு மைலே எல்லை. இப்னு உமர் (ரலி) அவர்களும் அதில் குதிரை ஓட்டியவர்களுள் ஒருவர்.

இதில் புதிய முறை தடுக்கப்படவில்லை. பழைய முறையும் இழிவுபடுத்தப்படவில்லை. ஒவ்வொன்றுக்கும் அதனதன் தரத்துக்கு ஏற்ற களம் அமைத்துக் கொடுக்கப்பட்டது. நம் கடற்கரை ஊர்கள் பலவற்றில் பின்பற்றப்படும் ஷாஃபிஈ சட்ட நூல்களில் பந்தயத்துக்கென்றே தனி அத்தியாயம் உண்டு. இமாம் நவவி (ரஹ்) அவர்களின் 'மின்ஹாஜ்' நூலிலும் அதைக் காணலாம். தொடங்கும் இடமும் முடியும் இடமும் தெரிந்திருக்க வேண்டும். இருவருள் எவரும் வெல்லக்கூடும் என்னும் நிலை இருக்க வேண்டும் என்பன அங்கே கூறப்படும் நிபந்தனைகளுள் அடங்கும். ஒருவனுடைய தோல்வி முன்கூட்டியே உறுதியாகிவிட்டால் அது பந்தயமாகாது.

இந்த அளவுகோலைக் கொண்டு பார்த்தால், 1876-இல் நியூயார்க்கில் செய்தது அரைநீதி. இரட்டைப் படகையும் ஒற்றைப் படகையும் ஒரே களத்தில் ஓட்டுவது பொருந்தாது என்பதுவரை அவர்கள் சொன்னது ஏற்கத்தக்கது. ஆனால் இரட்டைப் படகுகளுக்கென்று வேறு களம் அமைத்திருக்க வேண்டும். அமைக்காமல் கதவை அடைத்ததால் ஒரு நுட்பத்தின் வளர்ச்சி எழுபது எண்பது ஆண்டுகள் பின்தங்கிற்று.

களம் திறந்தபின்

அடைத்த கதவு இரண்டாம் உலகப் போருக்குப்பின் திறந்தது. போர்க்காலத்தில் பசிபிக் தீவொன்றில் இரட்டைப் படகைக் கண்ட வூடி பிரௌன் என்பார், 1947-இல் ஹவாயில் ஆல்பிரட் குமலே என்னும் படகுச் சிற்பியுடன் சேர்ந்து 'மனு காய்' என்னும் படகைக் கட்டினார். பிரௌன் இயந்திரமில்லாத பறப்பூர்திகளை ஓட்டியவர். விமானங்களுக்குரிய இலேசான கட்டுமானம் படகுக்கு வந்தது. இங்கிலாந்தில் ரோலண்ட் பிரௌட், பிரான்சிஸ் பிரௌட் என்னும் சகோதரர்கள் 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் துடுப்புப் படகு வலித்தவர்கள். அவர்கள் இரண்டு ஓடங்களை மூங்கிலால் இணைத்துப் பார்த்த விளையாட்டு, 1950-களின் நடுவில் 'ஷியர்வாட்டர்' என்னும் புகழ்பெற்ற படகாக முதிர்ந்தது. கலிபோர்னியாவில் அலைச்சறுக்குப் பலகை செய்து விற்ற ஹோபி ஆல்டர், 1960-களின் இறுதியில் கண்ணாடியிழையால் சிறு இரட்டைப் படகுகளை வார்த்தெடுத்தார். கடற்கரையிலிருந்தே தள்ளி ஏறக்கூடிய அவை உலகெங்கும் பரவின.

1967-இல் ரோட்னி மார்ச் வரைந்த 'டார்னடோ' 1976 மான்ட்ரியால் ஒலிம்பிக்கில் இடம்பெற்றது. அமரிலிஸ் விலக்கப்பட்டுச் சரியாக நூறாண்டுக்குப்பின் இரட்டைப் படகுக்கெனத் தனிக் களம் கிடைத்தது! 2008 பெய்ஜிங் வரை டார்னடோ நீடித்தது. 2012-இல் மட்டும் இடைவெளி. 2016 முதல் ஆணும் பெண்ணும் இணைந்து செலுத்தும் 'நேக்ரா 17' என்னும் இரட்டைப் படகு ஒலிம்பிக்கில் உள்ளது.

நெறி தவறியபோது நேர்ந்ததையும் சொல்ல வேண்டும். 1851-இல் தோன்றிய அமெரிக்கக் கோப்பைக்கு 1988-இல் நியூசிலாந்தார் 90 அடி நீர்மட்ட நீளமுள்ள பேரளவு ஒற்றைப் படகோடு அறைகூவல் விடுத்தனர். அமெரிக்கரான டென்னிஸ் கானர் 60 அடி இரட்டைப் படகில் வந்து எளிதாக வென்றார். வழக்கு நியூயார்க் நீதிமன்றங்களில் ஏறியிறங்கி, 1990-இல் கோப்பை அமெரிக்கருக்கே என்று முடிந்தது. கோப்பைப் பத்திரத்தில் இரட்டைப் படகு கூடாதென்று எழுதப்படவில்லை என்பது தீர்ப்பின் அடிப்படை. எழுத்துப்படி அது சரியாக இருக்கலாம். எவரும் வெல்லக்கூடும் என்னும் நிலை இருந்ததா என்று நம் சட்ட நூலார் கேட்டிருப்பார்கள்.

2013-இல் சான்பிரான்சிஸ்கோவில் இரு தரப்புக்கும் ஒரே வகை விதியுடன் 72 அடி இரட்டைப் படகுகள் மோதின. பாய்க்குப் பதில் விமான இறக்கைபோன்ற நிமிர்ந்த இறகு. உடலுக்கு அடியில் நீருக்குள் சிறு சிறகுகள். வேகம் கூடியதும் அச்சிறகுகள் படகு முழுவதையும் நீர்மட்டத்துக்குமேல் தூக்கிவிடும். மணிக்கு 80 கிலோமீட்டருக்கும் மேல் அவை விரைந்தன. 8-க்கு 1 என்று பின்தங்கிய அமெரிக்கப் படகு 9-க்கு 8 என வென்றது. படகின் அமைப்பைப் பந்தய நாட்களுக்கு இடையிலேயே மாற்றிமாற்றித் திருத்தியதும் அந்த மீட்சிக்கு ஒரு காரணம். ஆனால் அவ்வாண்டு மே மாதம் ஸ்வீடன் அணியின் படகு பயிற்சியில் உடைந்து கவிழ, ஒலிம்பிக் தங்கம் வென்ற ஆண்ட்ரூ சிம்சன் உயிரிழந்தார். வேகத்தை விளையாட்டாகத் தேடுவதிலும் விலை உண்டு.

விளையாட்டு தந்த உரிமை

இப்போது தொடக்கத்தில் எழுப்பிய கேள்விக்கு வருவோம். நம் கரையில் அறிவு குறைந்திருந்ததா? இல்லை. காற்றையும் நீரோட்டத்தையும் அலையின் எண்ணிக்கையையும் அறிந்து, எந்த அலைக்குப் பின்னே மரத்தைத் தள்ளவேண்டும் என்று கணிப்பது எளிய அறிவன்று. சென்னை மாகாண மீன்துறையின் இயக்குநராக இருந்த ஜேம்ஸ் ஹார்னெல் 1920-இல் வெளியிட்ட ஆய்வில் இந்தியக் கலங்களின் வகைகளை மதித்து விளக்கியிருக்கிறார்.

போட்டியும் இல்லாமல் இல்லை. முதலில் கரை சேர்ந்த மீனுக்கு நல்ல விலை உண்டு. ஆகவே ஒவ்வொரு விடியலிலும் ஓட்டம் நடந்தது. இராமநாதபுரம் மாவட்டத்துத் தொண்டிக் கரையில் திருவிழா நாட்களில் பாய்மரப் படகுப் போட்டி நடத்தும் வழக்கமும் உண்டு. ஆனால் அன்றாட ஓட்டத்தில் தோற்பவனுக்கு அன்றைய சோறு குறையும். புதிய வடிவம் ஒன்றைச் செதுக்கிப் பார்க்கலாம் என்று ஒரு மீனவன் எண்ணினால், அது தவறிப்போகும்போது அவன் இழப்பது தன் மரத்தை, தன் மாத வருமானத்தை, சில வேளை தன் உயிரை. ஆகவே பாட்டன் கட்டியவாறே பேரனும் கட்டினான். அறியாமையால் அவன் அவ்வாறு செய்யவில்லை. குடும்பத்தின்மீது கொண்ட பொறுப்பால் செய்தான்.

விளையாட்டு அளிக்கும் பெரிய வாய்ப்பு தோற்கும் உரிமையே ஆகும். பெட்டி தோற்றார், ஹெரஷாப் விலக்கப்பட்டார், 2013-இல் வென்ற அதே அமெரிக்க அணியின் முதற் படகு 2012 அக்டோபரில் கவிழ்ந்து நொறுங்கிற்று. மீண்டும் கட்ட அவர்களிடம் பொருள் இருந்தது. ஒரு வடிவம் தோற்றால் அடுத்ததைச் செய்து பார்க்கலாம்; தோல்வியின் காரணத்தை அளந்து எழுதி வைக்கலாம். இவ்வாறு தவறிக் கற்கும் வசதி உள்ள இடத்தில் நுட்பம் விரைந்து வளரும். அவ்வசதி செல்வர்க்கு மட்டும் வாய்த்தால், நுட்பமும் செல்வர் பக்கமே வளரும். ஒரு கரை பெயரைத் தந்துவிட்டு நின்றுபோனதன் காரணம் இதுவே எனலாம்.

திரும்பி வந்த நுட்பம்

விளையாட்டில் முதிர்ந்த நுட்பம் விளையாட்டோடு நின்றுவிடுவதில்லை. ஆஸ்திரேலியாவில் கட்டப்பட்ட 'ஹோவர்ஸ்பீடு கிரேட் பிரிட்டன்' என்னும் இரட்டை உடற் பயணக் கப்பல், 1990-இல் அட்லாண்டிக் கடலை மூன்றே முக்கால் நாளுக்கும் குறைவான நேரத்தில் கடந்து அதுவரை இருந்த சாதனையை முறியடித்தது. இன்று உலகின் பல துறைகளில் மக்களையும் வண்டிகளையும் ஏற்றிச் செல்வன இவ்வகைக் கப்பல்களே. மேலைநாடுகளில் உல்லாசப் படகுகளாலும் பந்தயப் படகுகளாலும் பரவிய கண்ணாடியிழை வார்ப்பு நம் மீனவர் குப்பங்களுக்கும் வந்தது.

அது மிகுதியாக வந்த சூழ்நிலை துயரமானது. 2004 டிசம்பர் 26-இல் எழுந்த ஆழிப்பேரலை கடலூர் மாவட்டத்தில் 600-க்கும் மேற்பட்ட உயிர்களைக் கொண்டுபோயிற்று. தேவனாம்பட்டினம் முதலிய குப்பங்களில் கட்டுமரங்கள் சிதறிப்போயின. உதவிக்கு வந்தோர் கண்ணாடியிழைப் படகையும் இயந்திரத்தையும் வழங்கினர். நெடுந்தொலைவு செல்லவும் மிகுந்த மீனைக் கொணரவும் அவை உதவின. துடுப்பு வலித்துத் தேய்ந்த தோள்களுக்கு ஓய்வும் கிடைத்தது. இந்நன்மையை மறுப்பது நன்றிகேடாகும். அதே வேளையில் எண்ணெய்ச் செலவும் இயந்திரப் பழுதும் புதிய கடனாகக் கரையேறின. கட்டுமரங்கள் குறைந்தன. அவற்றைச் செதுக்கும் கையும், முடிச்சிடும் விரலும், பாயைக் காற்றுக்குத் திருப்பும் கணக்கும் முதியோரிடமே தங்கிவிட்டன. அவர்களில் ஒவ்வொருவராகக் கண்மூடும்போது எழுதப்படாத நூல் ஒன்று மறைகிறது.

இன்னொரு பக்கத்தையும் காண்க. சென்னையில் 1911-இல் தொடங்கிய பாய்மரப் படகுச் சங்கம் இன்றும் இயங்குகிறது. சென்னையைச் சேர்ந்த நேத்ரா குமணன் பாய்மரப் படகோட்டத்தில் ஒலிம்பிக்குக்குத் தகுதிபெற்ற முதல் இந்தியப் பெண். 2021-இல் நடந்த டோக்கியோ போட்டியிலும் 2024 பாரிஸ் போட்டியிலும் அவர் கலந்துகொண்டார். கணபதி, வருண் தக்கர் என்னும் சென்னை இளைஞர் இருவரும் டோக்கியோவில் படகு செலுத்தினர். தமிழ்க் கடற்காற்றை அறிந்த பிள்ளைகள் உலகக் களத்தில் நிற்க முடியும் என்பதற்கு இவர்கள் சான்று. இந்த வரிசையில் தேவனாம்பட்டினத்துப் பிள்ளையும் பரங்கிப்பேட்டைப் பிள்ளையும் ஏன் நிற்கக்கூடாது?

செய்யத்தக்கது

வாசக அன்பர்கள் இதனைப் பழம்பெருமை பேசும் கட்டுரையாகக் கொள்ளவேண்டாம். செய்யத்தக்கவை நம் கைக்கு எட்டும் தொலைவிலேயே உள்ளன. பரங்கிப்பேட்டையில் 1961 முதல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் ஆய்வு நிலையம் இருக்கிறது. மீன்களைப் பற்றி ஆராயும் கரையில் மீன்பிடித்த கலத்தைப் பற்றியும் ஆராயலாம். மரத்தின் வகை, கட்டின் முறை, பாயின் அளவு, அலையைக் கடக்கும் நுணுக்கம் ஆகியவற்றை முதியோரிடம் கேட்டு எழுதி வைக்க வேண்டும். கடற்கரை ஊர்களின் ஜமாஅத்தாரும் குப்பத்துப் பஞ்சாயத்தாரும் பள்ளிக்கூடத்தாரும் கூடி ஆண்டுக்கொருமுறை பாய்மரப் பந்தயம் நடத்தலாம். மதீனாவின் முன்மாதிரிப்படி அதில் இரண்டு களங்கள் அமையட்டும்: மரபுவழிக் கட்டுமரத்துக்கு ஒன்று, இளைஞர்கள் புதிதாகச் செய்து பார்க்கும் வடிவங்களுக்கு மற்றொன்று. உடைந்த மரத்துக்கு ஈடு தருவதற்கென ஊரார் ஒரு சிறு நிதி வைக்க வேண்டும். அதுவே ஏழைக்கும் தோற்கும் உரிமையைத் தரும் வழி.

நபி பெருமானாரின் (ஸல்) அள்பா என்னும் ஒட்டகத்தை எதுவும் முந்தியதில்லை. ஒருநாள் கிராமவாசி ஒருவரின் இளம் ஒட்டகம் அதனை முந்திவிட்டது. தோழர்கள் மனம் வருந்தினர். உலகில் உயரும் எதனையும் இறைவன் தாழ்த்தாமல் விடுவதில்லை என்று பெருமானார் அவர்களைத் தேற்றினார்கள். அமெரிக்கக் கோப்பையில் 2013-இலும் 2017-இலும் ஓடிய இரட்டைப் படகுகளும் அவ்வாறே இடம் மாறின. 2021 முதல் அங்கே ஓடுபவை சிறகுகள் பூட்டிய ஒற்றை உடற் படகுகள். நுட்பங்கள் ஏறும், இறங்கும். பெயர் தெரியாத கிராமவாசியின் ஒட்டகத்துக்கும் அந்தக் களத்தில் ஓட இடம் இருந்ததே, அதுதான் நாம் கைக்கொள்ள வேண்டிய பாடம். கட்டுமரத்தைத் தந்த கரையின் பிள்ளைகளுக்கும் அந்த இடத்தை நாம் அமைத்துத் தருவோமாக.